ராஜியும் ஒரு வாக்குதான்

(திருவொற்றியூரில் லாரி உரிமையாளர்களும் சிறுதொழில் செய்வோரும் கூடியிருந்த கூட்டத்தில் வழக்கறிஞர் ஒருவர் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)

வண்டியை துறைமுக ஜீரோ கேட் வரிசையில் கிளீனரிடம் விட்டுவிட்டு ஓடி வந்திருக்கும் தம்பிமார்களே, வரிசை நகர்வதற்குள் முடித்துவிடுவேன். அந்த வரிசையின் வேகம் எனக்கும் தெரியும் என்பதால் தைரியமாகச் சொல்கிறேன்.

செக் கேஸ் பற்றிப் பேசத்தான் கூப்பிட்டீர்கள். ஆனால் இந்த ஊரில் நின்று வாக்கைப் பற்றிப் பேசுகிறவன் தியாகராசர் கோயில் மகிழ மரத்தைத் தாண்டிப் போக முடியாது. சுந்தரர் கதை உங்களுக்குத் தெரிந்ததுதான். சங்கிலியாரை மணக்க வேண்டும். உன்னைப் பிரியமாட்டேன் என்று சத்தியம் செய்து தர வேண்டும். திருவாரூரில் ஏற்கெனவே பரவையார் இருக்கிறார். சுந்தரர் என்ன செய்தார்? இறைவனிடமே போய், நான் சன்னதியில் சத்தியம் செய்யும் நேரத்துக்கு நீர் கொஞ்சம் மகிழ மரத்தடிக்குப் போயிரும் என்று கேட்டுக்கொண்டார். சாட்சியை வெளியே அனுப்பிவிட்டு வெறும் சன்னதியில் சத்தியம். கணக்கில் பணம் இல்லாமல் செக் போடுகிற வித்தை அன்றைக்கே இந்த ஊரில் இருந்திருக்கிறது!

இறைவன் மறுபக்கமும் பேசிவிட்டார். சங்கிலியாரின் கனவில் வந்து, சத்தியத்தை மகிழ மரத்தடியில் வாங்கிக்கொள் என்றார். வேறு வழியின்றி சுந்தரர் மகிழடியிலேயே வாக்குக் கொடுத்தார். பிறகு ஆரூர் நினைப்பு வந்து ஊர் எல்லையைத் தாண்டியதும் இரண்டு கண்ணும் போயின. கண் திரும்பியதும் ஒரே நாளில் இல்லை. திருவெண்பாக்கத்தில் ஊன்றுகோல் கிடைத்தது, காஞ்சியில் இடக்கண் வந்தது, ஆரூரில்தான் வலக்கண். மாசித் திருவிழாவில் மகிழடி சேவையன்று வேடிக்கை பார்க்கிறோமே, அந்த மரத்தடியில் நடந்தது இதுதான்.

இந்தக் கதையில் ஒரு வக்கீலாக நான் பார்ப்பது ஒன்றைத்தான். வாக்குக் கொடுப்பவருக்கு எந்த இடத்தில் கொடுப்பது என்ற கணக்கு இருக்கிறது. வாங்குபவருக்கும் அந்தக் கணக்கு இருக்க வேண்டும். செக் வாங்கும்போது நம் ஆட்கள் கொஞ்சமாவது விழிப்பாக இருக்கிறார்கள். கேஸ் போட்டு, அலைந்து, எதிராளி ராஜிக்கு வரும்போதுதான் அசந்துபோகிறார்கள். முதல் வாக்கில் ஏமாந்தவர்களைவிட இரண்டாவது வாக்கில் ஏமாந்தவர்களை நான் அதிகம் பார்த்திருக்கிறேன்.

சட்டத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். மாற்றுமுறை ஆவணச் சட்டம் 1881-ல் வந்தது. நூறாண்டுக்கு மேல் அதில் செக் திரும்பினால் சிறை என்ற பேச்சே இல்லை. பணம் வர வேண்டியவர் சிவில் கோர்ட்டுக்குப் போனார், அவர் பேரன் தீர்ப்பு வாங்கினான். 1988-ல் திருத்தம் செய்து 138-வது பிரிவைச் சேர்த்தார்கள்; 1989 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்தது. அன்று ஓராண்டாக இருந்த தண்டனை இப்போது இரண்டாண்டு வரை. செக் தொகையின் இரு மடங்கு வரை அபராதம் விதிக்கலாம். செக் திரும்பிய தகவல் பேங்கிலிருந்து கிடைத்த 30 நாளுக்குள் நோட்டீஸ், நோட்டீஸ் கிடைத்த பிறகு பணம் கட்ட 15 நாள், அதுவும் கழிந்தால் ஒரு மாதத்துக்குள் புகார். இந்த மூன்று எண்களையும் மனத்தில் வையுங்கள். பின்னால் ஒருவர் கதையில் இவைதான் வில்லன்.

கூடவே ஒரு செய்தி. செக் புத்தகமே இப்போது எதற்கு, எல்லாம் ஆட்டோ டெபிட் என்பவர்கள் தப்பித்ததாக நினைக்க வேண்டாம். வண்டி லோன் தவணைக்குக் கொடுத்த மின்னணு உத்தரவு பணமில்லாமல் திரும்பினால், 2007-ம் ஆண்டுச் சட்டம் ஒன்றின் 25-வது பிரிவில் இதே குற்றம், இதே தண்டனை.

இந்தக் குற்றம் விசித்திரமானது. அடிதடி கேஸில் அடிபட்டவருக்குப் பணம் கொடுத்தாலும் அடி விழுந்தது இல்லையென்று ஆகாது. செக் கேஸில் பணம் வந்து, புகார்தாரரும் சம்மதித்துவிட்டால் குற்றமே கரைந்துவிடுகிறது. உச்ச நீதிமன்றத்தில் நீதிபதி நாரிமன் 2021-ல் எழுதிய தீர்ப்பில், இது கிரிமினல் ஓநாயின் தோலைப் போர்த்திய சிவில் ஆடு என்றார். அந்த ஆடுகள் எத்தனை தெரியுமா? 2019 டிசம்பர் முடிவில் நாடு முழுவதும் நிலுவையில் இருந்த கிரிமினல் வழக்குகள் 2.31 கோடி, அதில் 35.16 லட்சம் செக் கேஸ். ஏறக்குறைய ஏழில் ஒன்று. ஜார்ஜ் டவுன் கோர்ட்டிலோ அல்லிக்குளத்திலோ ஒரு காலை நேரம் நின்று பார்த்தவருக்கு இந்த எண் ஆச்சரியம் தராது.

நம் பக்கத்தில் ஏன் இவ்வளவு செக்? இங்கே தொழிலே கடனில் ஓடுகிறது. கன்டெய்னரை எண்ணூரிலிருந்து யார்டுக்கு இழுத்தவனுக்கு வாடகை அறுபது நாள் கழித்து. பெரிய கம்பெனிக்கு பிரஸ் பார்ட்ஸ், ரப்பர் பார்ட்ஸ் செய்து கொடுக்கும் பட்டறைக்காரருக்கு அதைவிடத் தாமதம். காசிமேட்டில் படகுக்கு டீசலும் ஐஸும் முன்பணமாக ஏறுகின்றன, மீன் வந்தால்தான் கணக்கு. இடையில் வட்டிக்காரர் கையெழுத்துப் போட்ட வெற்றுச் செக்கை செக்யூரிட்டி என்று வாங்கிப் பூட்டி வைக்கிறார். வெற்றுச் செக்தானே, தொகையை நான் எழுதவில்லையே என்று வாதாடலாம் என்று நினைக்காதீர்கள். மனமுவந்து கையெழுத்திட்டுக் கொடுத்த வெற்றுச் செக்கும் கடனுக்காகக் கொடுத்ததே என்ற அனுமானத்துக்குள் வரும் என்று 2019-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அந்த அனுமானத்தை உடைக்கும் பாரம் கையெழுத்துப் போட்டவர் தலையில்.

சரி, ராஜிக்கு வருவோம். 2002-ம் ஆண்டுத் திருத்தத்தில் 147-வது பிரிவு வந்தது. பொதுக் குற்றவியல் நடைமுறைச் சட்டம் என்ன சொன்னாலும், இந்தக் குற்றத்தைக் கட்சிகள் சமரசமாக முடித்துக்கொள்ளலாம் என்று ஒரே வரியில் சொல்கிறது. எந்தக் கட்டத்தில், எப்படி என்று அதில் ஒரு வார்த்தை இல்லை. அந்த இடைவெளியில்தான் நான் சொல்லப்போகும் மனிதர் விழுந்தார்.

அவரிடம் இரண்டு டிரெய்லர் இருந்தன. ஒரு ஒப்பந்தக்காரருக்கு ஓட்டிய வாடகைக்கு மூன்று செக், மூன்றும் 'போதிய பணமில்லை' என்று மெமோவோடு திரும்பின. நோட்டீஸ், புகார், எல்லாம் ஒழுங்காக முடிந்து கேஸ் ஓடிக்கொண்டிருந்தது. ஒரு வாய்தா அன்று நான் வேறொரு கோர்ட்டில் மாட்டிக்கொண்டேன். திரும்பி வந்து பார்த்தால் வராந்தா தூணோரம் இருவரும் டீ குடித்துக்கொண்டிருக்கிறார்கள். எதிராளி இவர் தோளில் கை போட்டிருக்கிறார். "நமக்குள்ள இன்னாண்ணே கோர்ட்டு கீர்ட்டு, அடுத்த மாசம் பத்தாம் தேதிக்குப் போடுண்ணே" என்று புதிதாக ஒரு செக். மூன்று செக் தொகையையும் சேர்த்து ஒரே செக். முத்திரைத்தாளில் பத்து வரி ராஜிப் பத்திரமும் தயார். மஞ்சப் பையில் பழைய மெமோக்களை ரப்பர் பேண்டு போட்டு வைத்திருந்த அவர் மனைவி மட்டும் டீ குடிக்கவில்லை. "ரொக்கமா தரச் சொல்லுங்க சார்" என்று என்னிடம் இரண்டு தடவை சொன்னார். அவர் சொன்னதை நான் இன்னும் உரக்கச் சொல்லியிருக்க வேண்டும்.

பத்தாம் தேதி போட்ட செக்கும் திரும்பியது. நம் ஆள் பதறவில்லை. "பழைய கேஸு இன்னும் கீதுல்ல சார், அதுல பாத்துக்கலாம்" என்று இருந்துவிட்டார். எனக்கே சொன்னது நாலு மாதம் கழித்து. அதற்குள் புதிய செக்குக்கு நோட்டீஸ் அனுப்ப வேண்டிய 30 நாள் போயிற்று, திரும்பப் போட்டுப் பார்க்கலாம் என்றால் செக்கின் மூன்று மாத ஆயுளும் முடிந்தது. பழைய கேஸில் எதிராளி வக்கீல் எழுந்து, ஐயா, இவர்கள் ராஜியாகிவிட்டார்கள், இதோ பத்திரம், இந்தக் கேஸ் செல்லாது என்றார். அவர் கையில் ஆதாரமாக இருந்தது சென்னையிலேயே பிறந்த ஒரு தீர்ப்பு.

ஜிம்பெக்ஸ் கம்பெனிக்கும் மனோஜ் கோயலுக்கும் நடந்த வழக்கு அது. நம் தொழிலுக்கு நெருக்கமான சரக்கு: இறக்குமதி நிலக்கரி. கப்பல் கரை சேரும் முன்பே கடல்மேல் கைமாற்றும் விற்பனை, 2012-ல் நடந்தது. வாங்கிய சிமென்ட் கம்பெனி கொடுத்த செக்குகள் திரும்பின. புகார்கள் போடப்பட்டன. 2013 மார்ச்சில் ராஜிப் பத்திரம் எழுதினார்கள், அதன்படி புதிய செக்குகள் கொடுத்தார்கள். அவையும் திரும்பின. இப்போது விற்றவர் கையில் இரண்டு செட் கேஸ்: பழைய செக்குக்கு ஒன்று, ராஜி செக்குக்கு ஒன்று. எதிர்த்தரப்போ ராஜிப் பத்திரமே மிரட்டி வாங்கியது என்று சென்னை உயர் நீதிமன்றத்தில் சிவில் வழக்குப் போட்டிருந்தது. ராஜி செக் மேலான புகாரை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது.

2021 அக்டோபர் 8-ம் தேதி உச்ச நீதிமன்றம் கொடுத்த பதிலை வீட்டுக்கு எடுத்துப் போங்கள். ஒரே கடனுக்கு இரண்டு குற்ற வழக்கு நடத்த முடியாது. ராஜி எழுதிய நிமிடத்தில் பழைய புகாரின் உயிர் ராஜிக்குள் போய்விடுகிறது. ராஜிப்படி கொடுத்த செக் திரும்பினால் அது புதிய குற்றம், புதிய வழக்கு. மிரட்டி வாங்கியதா இல்லையா என்பதைச் சாட்சியம் எடுத்துத்தான் பார்க்க வேண்டும். அதற்காக ஆரம்பத்திலேயே புகாரை நசுக்க முடியாது. ஆக ராஜி செக் மேலான வழக்கு நடக்கும், பழைய செக் மேலானது நிற்காது.

நியாயமான தீர்ப்பு என்றே நான் நினைக்கிறேன். இரண்டு கயிற்றையும் பிடித்துக்கொண்டு ஒருவனை இழுப்பது முறையல்ல. ஆனால் பழைய கயிறு அறுந்தது தெரியாமல் அதையே பிடித்துத் தொங்கிய நம் டிரெய்லர்காரர் கீழே விழுந்தார். தாமதத்தை மன்னிக்கக் கோரிப் புதிய புகார் போட்டுப் பார்த்தோம். பழைய கேஸ் இருக்கிறதே என்று இருந்துவிட்டேன் என்பதைப் போதிய காரணமாக நீதிமன்றம் ஏற்கவில்லை. இப்போது அவருக்கு மிஞ்சியது பண வசூலுக்கு ஒரு சிவில் வழக்கு. இரண்டு டிரெய்லரில் ஒன்றை விற்றுவிட்டார்.

அப்படியானால் எப்படி ராஜியாவது? என் கட்சிக்காரர்களுக்கு நான் சொல்வது: முடிந்தவரை வாக்குக்குப் பதிலாக வாக்கு வாங்காதீர்கள், பணத்தை வாங்குங்கள். டி.டி.யாகவோ பேங்க் வழியாகவோ முழுத் தொகையும் வந்து சேர்ந்த பிறகு 147-வது பிரிவு மனுவில் கையெழுத்துப் போடுங்கள். ரொக்கம் ஆசையாகத்தான் இருக்கும். ஆனால் 2 லட்சம் ரூபாயோ அதற்கு மேலோ ஒரே விவகாரத்துக்கு ரொக்கமாக வாங்கக் கூடாது என்று 2017 முதல் வருமான வரிச் சட்டத்தில் தடை இருக்கிறது, வாங்கிய தொகை அளவுக்கே அபராதம் விழும். அந்த அம்மா ரொக்கம் என்று சொன்னதன் பொருளை எடுத்துக்கொள்ளுங்கள், முறையை அல்ல.

தவணைதான் முடியும் என்றால் தவணைக்கே ஒப்புக்கொள்ளுங்கள். சுந்தரருக்கே கண் தவணையில்தான் வந்தது. ஆனால் அதை வராந்தாவில் எழுதாதீர்கள், நீதிபதி முன் எழுதுங்கள். மக்கள் நீதிமன்றம் இருக்கிறதே, அதுதான் நம் காலத்து மகிழடி. கிரிமினல் கோர்ட் அனுப்பிய செக் கேஸில் மக்கள் நீதிமன்றம் பிறப்பிக்கும் தீர்வும் சிவில் கோர்ட் டிக்ரிக்குச் சமம் என்று 2011 நவம்பரில், கேரளத்திலிருந்து வந்த கோவிந்தன் குட்டி மேனன் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்த்துவிட்டது. தவணை தவறினால் புது வழக்கு வேண்டாம். நிறைவேற்று மனு போட்டு ஜப்திக்குப் போகலாம். அதன்மேல் அப்பீலும் கிடையாது.

அதிலும் ஒரு நெளிவு இருக்கிறது, மறைக்க மாட்டேன். மக்கள் நீதிமன்றத்தில் முடித்தால் எதிராளிக்குச் சிறை பயம் போய்விடும். உங்கள் கையில் இருப்பது டிக்ரி. எதிராளிக்கு வண்டியோ வீடோ பேங்கில் இருப்போ இருந்தால் டிக்ரிக்கு மதிப்பு உண்டு. எல்லாமே மைத்துனன் பெயரில் வைத்திருக்கும் ஆசாமியிடம் டிக்ரியை வைத்துக்கொண்டு என்ன செய்வது? அவரிடம் பாதித் தொகையாவது கைக்கு வராமல் கேஸை விடாதீர்கள். யாரிடம் எந்த முறை என்று முடிவு செய்ய வக்கீலைவிட உங்களுக்குத்தான் அதிகம் தெரியும். பத்து வருடம் அவரோடு தொழில் செய்தவர் நீங்கள்.

கடனைத் திருப்பிக் கொடுக்க வேண்டியவர்களும் இங்கே உட்கார்ந்திருக்கிறீர்கள், முகத்தைப் பார்த்தாலே தெரிகிறது. உங்களுக்கும் சொல்கிறேன். முன்பெல்லாம் ராஜியைத் தள்ளிப்போடுவதற்கு விலை அதிகம். 2010-ல் தாமோதர் பிரபு வழக்கில் உச்ச நீதிமன்றம் ஒரு படிக்கட்டு வைத்தது: முதல் இரண்டு வாய்தாவுக்குள் முடித்தால் செலவில்லை, அதற்குப் பிறகு மாஜிஸ்திரேட் முன் முடித்தால் செக் தொகையில் 10 சதவீதம், மேலே போகப் போக 15, உச்ச நீதிமன்றத்தில் 20. அந்தப் பணம் புகார்தாரருக்கு இல்லை, சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்கு. 2025 செப்டம்பரில் சஞ்சபிஜ் தாரி வழக்கில் இதைக் குறைத்திருக்கிறார்கள். குற்றம் சாட்டப்பட்டவர் தரப்புச் சாட்சியம் பதிவாகும் முன் பணத்தைக் கட்டினால் ஒன்றும் இல்லை. அதற்குப் பிறகு, தீர்ப்புக்கு முன் என்றால் 5 சதவீதம். செஷன்ஸ் கோர்ட்டிலோ உயர் நீதிமன்றத்திலோ ஏழரை, உச்ச நீதிமன்றத்தில் 10. வாய்தாக் கணக்கு போய், சாட்சியக் கணக்கு வந்திருக்கிறது. முதல் வாய்தா, இரண்டாம் வாய்தா என்று எண்ணிக்கொண்டிருந்த வக்கீல்களுக்கும் நிம்மதி.

அதற்காகக் கடைசிவரை இழுக்கலாம் என்று கணக்குப் போட வேண்டாம். 2018 முதல், வழக்கு நடக்கும்போதே செக் தொகையில் 20 சதவீதம் வரை இடைக்காலமாகக் கட்டச் சொல்ல நீதிபதிக்கு அதிகாரம் உண்டு. தண்டனைக்குப் பிறகு அப்பீல் போனால் அபராதத்தில் அல்லது இழப்பீட்டில் குறைந்தது 20 சதவீதம் கட்டச் சொல்லலாம்.

நான் முழுப் பணமும் கட்டுகிறேன், அவர்தான் வீம்புக்குக் கேஸை விட மறுக்கிறார் என்று சிலர் வருவார்கள். புகார்தாரர் சம்மதம் இல்லாமல் சமரசம் இல்லை என்பதே பொது விதி. 2024-ல் ஒரு வழக்கில் பணம் முழுதும் வட்டியோடு வந்த பிறகும் புகார்தாரர் இறங்கி வராதபோது, உச்ச நீதிமன்றம் அரசியலமைப்பின் 142-வது பிரிவு தரும் தனி அதிகாரத்தைக் கொண்டு முடித்து வைத்தது. அந்த அதிகாரம் டெல்லியில் இருக்கிறது, ஜார்ஜ் டவுனில் இல்லை. எனவே வீம்புக்காரரிடம் பேசித்தான் ஆக வேண்டும். வீம்புக்குப் பின்னால் பெரும்பாலும் ஒரு சொல் இருக்கும். பணத்தைக் கேட்கப் போனபோது நீங்கள் சொன்ன சொல். அதைத் திரும்பப் பெற்றுக்கொண்டால் பாதி ராஜி முடிந்தது.

கம்பெனி செக் வாங்குபவர்களுக்கு ஒன்று. நான் சொன்ன அந்த ஓநாய்த் தோல் தீர்ப்பு, பி. மோகன்ராஜ் வழக்கு, இரும்புச் சரக்கு வாங்கிய கம்பெனி சென்னையில் திவால் தீர்ப்பாயத்துக்குப் போனதிலிருந்து கிளம்பியது. திவால் நடவடிக்கை தொடங்கினால் கம்பெனி மேல் செக் கேஸ் நின்றுபோகும். கையெழுத்துப் போட்ட இயக்குநர்கள் மேல் நடக்கும். ஆகவே புகாரிலும் ராஜியிலும் கம்பெனி முத்திரை மட்டும் போதாது. நேரில் உட்கார்ந்திருக்கும் மனிதரின் சொந்தக் கையெழுத்தும், சொந்தப் பொறுப்பும் எழுத்தில் இருக்க வேண்டும்.

இன்னொரு சின்ன விஷயம், பலர் விடுவது. செக் கையில் இருக்கும்போதே கடனில் ஒரு பகுதி வந்துவிட்டால், வந்த தொகையைச் செக்கின் மேலேயே குறித்துவிட்டு மீதிக்குத்தான் போட வேண்டும். முழுத் தொகைக்குப் போட்டால் அது திரும்பினாலும் குற்றமாகாது என்று 2022 அக்டோபரில் தீர்ப்பு வந்திருக்கிறது. "பாதிதான் வந்துச்சு, மிரட்டிப் பார்க்க முழுசா போட்டேன்" என்று யாராவது என் ஆபீசுக்கு வந்தால் ஃபீஸ் வாங்காமலேயே அனுப்பிவிடுகிறேன்.

வரிசை நகர்ந்திருக்கும், நானும் முடிக்கிறேன். செக் கொடுத்தவர்கள் வீட்டுக்குப் போனதும் பீரோவைத் திறந்து, ராஜியாகிப் பணமும் கைமாறிய உங்கள் பழைய கேஸ் கட்டுகளை எடுத்துப் பாருங்கள். கையெழுத்துப் போட்ட பழைய செக் திரும்ப வந்துவிட்டதா? கோர்ட்டில் சான்றாவணமாகக் கிடந்தால் திரும்பப் பெற ஒரு மனு போடுங்கள். எதிராளி கையில் இருந்தால் நாளைக் காலையே போய்க் கேட்டு வாங்குங்கள். கொடுக்க மறுத்தால், அன்றே எழுத்தில் ஒரு கடிதம் அனுப்பி, அதன் நகலை ஒரு மஞ்சப் பையில் போட்டு வையுங்கள்.